மின்கட்டண நிலுவை (அரசாங்க ஏற்பில்)

தனியார் மின்விநியோகக் கம்பெனியொன்றை அரசாங்கம் ஏற்றுக்கொள்ளும் தினத்தில், அதற்கு முன்னர் உபயோகித்த மின்சாரத்திற்காக நுகர்வோர் செலுத்தாதிருக்கும் பாக்கித்தொகை. சென்னை நகரின் மின்விநியோகக் கார்ப்பரேஷனை மாகாண அரசாங்கம் 1947இல் வாங்கியது. ஏனைய கம்பெனிகளை ஏற்பதற்கென இயற்றப்பட்ட 1949ஆம் ஆண்டுச் சட்டம், ராஜமுந்திரிக் கம்பெனியின் வழக்கில் 1954இல் உச்ச நீதிமன்றத்தால் செல்லாததென்று தீர்ப்பாக, அவ்வாண்டே புதுச் சட்டம் இயற்றப்பட்டது.

1910ஆம் ஆண்டு இந்திய மின்சாரச் சட்டம், விற்கப்படும் நிறுவனம் கம்பெனியின் கடன்களினின்று விடுபட்டே வாங்குவோரைச் சேருமென்றும், அக்கடன்கள் கிரயத்தொகையையே பற்றுமென்றும் விதித்தது. கம்பெனிக்கு வரவேண்டிய பாக்கியின் நிலை வேறு: ஏற்புச் சட்டமோ ஒப்பந்தமோ அதனை அரசாங்கத்துக்கு மாற்றினாலன்றி, அது கம்பெனியின் சொத்தாகவே நிற்கும். ஆயினும், ஏழு நாள் எழுத்துமூல முன்னறிவிப்புக்குப்பின் இணைப்பைத் துண்டிக்க லைசென்ஸ்தாரருக்கு (உரிமம் பெற்ற கம்பெனிக்கு) 1910ஆம் ஆண்டுச் சட்டம் அளித்த அதிகாரம், கம்பிகளும் மீட்டர்களும் கைமாறியதும் பழைய கம்பெனியை விட்டு நீங்கியது. எஞ்சியது மூன்றாண்டுக் காலவரம்புக்குட்பட்ட சிவில் வழக்கொன்றே. சில்லறைப் பாக்கிகளுக்கு அதன் செலவே மிகுதி.

நுகர்வோர் கட்டிய முன்வைப்புத் தொகை எவர் வசம் உள்ளதென்பதையும், பாக்கியை வசூலிக்கும் உரிமை எவருடையதென்பதையும் ஏற்புத் தினத்திலேயே எழுதி விளம்பரப்படுத்துவது அரசாங்கத்தின் கடமை. இன்றேல் ஆத்தூர் போன்ற ஊரில் ஒரு வெற்றிலை வியாபாரி, ஒரே பாக்கிக்கு இரு தரப்பாரின் கோரிக்கைக்கும் பதில் சொல்ல நேரிடும்.