யார் இந்த பரவை முனியம்மா? 'தூள்' பட பாட்டியின் கதை

மதுரையிலிருந்து திண்டுக்கல் ரோட்டில் போனால், சமயநல்லூருக்குச் சற்று முன்னால் வரும் ஊர் பரவை. வெளியூர்க்காரர்கள் பலருக்கும் இந்த ஊர்ப் பெயர் தெரிந்ததற்கு முனியம்மா பாட்டிதான் காரணம். சினிமாவில் அவர் தலைகாட்டியது என்னவோ பாட்டி வயதில்தான். ஆனால் அதற்கு முன்பே பல ஆண்டுகளாக மேடையில் நின்றவர்.

சினிமாவுக்கு முன்னால் என்ன செய்தார்?

நாட்டுப்புறப் பாடகி. ஊர் ஊராகக் கோயில் திருவிழாக்களில் பாடியவர். வெளிநாட்டு மேடைகளிலும் பாடியிருக்கிறார். திருவிழா மேடை என்றால் சும்மா இல்லை. எதிரே இருக்கும் கூட்டம் தூங்கிவிடாமல் இருக்க வேண்டும். யாராவது கிண்டல் செய்தால் அந்த இடத்திலேயே பதில் கொடுக்க வேண்டும். குரல், முகம், கை எல்லாம் சேர்ந்து வேலை செய்யும் இடம் அது. நடிப்புப் பள்ளிக்கூடம் என்று தனியாக ஒன்று அவருக்குத் தேவைப்படவில்லை.

இந்தப் பக்கத்துக்கு இது புதிதும் இல்லை. சிவகங்கை மாவட்டத்து நாட்டுப்புறப் பாடகி கொல்லங்குடி கருப்பாயி 1985-ல் 'ஆண்பாவம்' படத்தில் இதே மாதிரிதான் சினிமாவுக்கு வந்தார்.

திருப்புமுனை எது?

2003 பொங்கலுக்கு வெளியான 'தூள்'. தரணி இயக்கம், வித்யாசாகர் இசை, விக்ரம் ஹீரோ. கிராமத்துத் தண்ணீரைக் கெடுக்கும் ஆலை மீது புகார் சொல்ல சென்னைக்குக் கிளம்பி வருகிறவர்களின் கதை. அதில் விக்ரம், ஜோதிகாவுடன் வரும் பாட்டி இவர்தான்.

படத்தில் ஒரு சண்டைக் காட்சி. ஹீரோ அடிக்க, வில்லன் ஆட்கள் பறக்க, பின்னணியில் 'சிங்கம் போல' என்று முனியம்மா எடுத்துப் பாடுகிறார். மாஸ் ஃபைட்டுக்கு ஒரு கிராமத்துப் பாட்டியின் குரல்! தியேட்டரில் விசில் ஹீரோவுக்கு மட்டும் விழவில்லை. இருபது வருடம் தாண்டியும் 'தூள்' என்றதும் பலருக்கு முதலில் ஞாபகம் வருவது இந்தக் காட்சிதான்.

அதற்குப் பிறகு?

வாய்ப்புகள் வரிசையாக வந்தன. ஆனால் பெரும்பாலும் அதே பாட்டி வேஷம்தான். கண்டாங்கிச் சேலை, எகத்தாளப் பேச்சு, நடுவில் ஒரு பாட்டு. அவரிடம் இருந்த திறமைக்கு தமிழ் சினிமா கொடுத்த இடம் கொஞ்சம் குறைவு என்றுதான் சொல்ல வேண்டும். மானாமதுரைக்காரரான காந்திமதிக்கு '16 வயதினிலே', 'மண்வாசனை' என்று கிடைத்த மாதிரி கனமான பாத்திரங்கள் இவருக்கு அமையவில்லை.

இருந்தாலும் கிடைத்ததில் வெளுத்து வாங்கினார். 2010-ல் சி.எஸ்.அமுதன் இயக்கிய 'தமிழ்ப் படம்' தமிழ் சினிமாவையே கலாய்த்த படம். அதில் மிர்ச்சி சிவாவுக்குப் பாட்டியாக நடித்து, தன்னுடைய 'தூள்' காட்சியைத் தானே கேலி செய்தார். தன் அடையாளமே அந்த ஒரு காட்சிதான் என்று தெரிந்தும் அதையே சிரிப்பாக்க ஒரு தைரியம் வேண்டும். 2014-ல் 'மான் கராத்தே' படத்தில் அனிருத் இசையில் சிவகார்த்திகேயனோடு சேர்ந்து 'ராயபுரம் பீட்டர்' பாடினார். நடுவே கலைஞர் டிவியில் கிராமத்துச் சமையல் நிகழ்ச்சியும் நடத்தினார். அந்தப் பக்கத்துப் பெண்கள் பலருக்கு நடிகையை விட சமையல்கார ஆத்தாவாகத்தான் அவரைத் தெரியும்.

இவ்வளவு புகழ் இருந்தும் ஏன் கஷ்டம்?

பாடினால் காசு, நடித்தால் சம்பளம். உடம்பு படுத்துவிட்டால் இரண்டும் இல்லை. நாட்டுப்புறக் கலைஞர்கள் பலருடைய நிலைமை இதுதான். சினிமாவில் முகம் தெரிந்தவர் என்பதால் முனியம்மாவின் கஷ்டம் செய்தியானது. சக கலைஞர்கள் சிலர் கை கொடுத்தார்கள். 2015-ல் அப்போதைய முதல்வர் ஜெயலலிதா, அவர் பெயரில் 6 லட்சம் ரூபாய் வைப்புத்தொகை போட்டு, மாதாமாதம் வட்டி கிடைக்க ஏற்பாடு செய்தார். தமிழக அரசின் கலைமாமணி விருதும் அவருக்குக் கிடைத்தது. கடைசி நாட்களில் அவர் வைத்த கோரிக்கை, தன் காலத்துக்குப் பிறகு அந்த உதவித்தொகை தன் மகனுக்குத் தொடர வேண்டும் என்பது.

2020 மார்ச் 29, ஞாயிற்றுக்கிழமை அதிகாலையில் அவர் காலமானார். கொரோனா ஊரடங்கு தொடங்கி ஐந்தாவது நாள். திருவிழா மேடை முன்னால் அவருக்காக விடிய விடிய உட்கார்ந்திருந்த கூட்டம், அன்றைக்கு வீட்டு வாசலைத் தாண்ட முடியவில்லை.