கேம் சென்சார்: பழுது காணுதலும் மாற்றுதலும்

கார் எஞ்சினின் கேம்ஷாஃப்ட் எந்த நிலையில் நிற்கிறது என்பதை மின்சமிக்ஞையாக ஈ.சி.எம். என்னும் எஞ்சின் கணினிக்குத் தெரிவிக்கும் சிறு கருவி கேம் சென்சார். கட்டைவிரல் நீளமுள்ள பிளாஸ்டிக் உடல், நுனியில் காந்தமும் ஒரு சில்லும், பின்னால் இரண்டு அல்லது மூன்று பின் கொண்ட கப்ளர், பிடித்து நிற்க ஒரே ஒரு போல்ட்: இவ்வளவுதான் இதன் உருவம். பெரும்பாலான கார்களில் இதைக் கழற்றி மாட்ட 15 நிமிடம் போதும். கழற்றுவது இவ்வளவு எளிது என்பதே இதன் பழுதறிதலைக் கெடுத்துவிட்டது. செக் லைட் எரிகிறது, ஸ்கேனரில் கேம் சென்சார் கோடு, அதாவது பழுதுக் குறியீடு, வருகிறது, சென்சாரை மாற்றுகிறார்கள். சில நாளில் லைட் மறுபடியும் எரிகிறது. கோடு வருவதும் சென்சார் கெடுவதும் வெவ்வேறு செய்திகள். இரண்டையும் பிரித்துப் பார்க்காமல் சென்சாரில் கைவைக்கக் கூடாது.

சென்சார் எதற்கு இருக்கிறது என்பதிலிருந்தே இதை விளங்கிக்கொள்ளலாம். நான்கு வீச்சு எஞ்சினில் கிராங்க் ஷாஃப்ட் இரண்டு சுற்று, அதாவது 720 டிகிரி சுற்றும்போது கேம்ஷாஃப்ட் ஒரே சுற்று சுற்றும். பிஸ்டன் மேல்முனைக்கு வந்துவிட்டது என்று கிராங்க் சென்சார் சொல்லும். அது அமுக்க வீச்சின் முடிவில் வந்ததா, புகையை வெளித்தள்ளிவிட்டு வந்ததா என்பதை அதனால் சொல்ல முடியாது. விசைத்தறி ஊரான குமாரபாளையத்துக்காரர்களுக்கு இது புதிய கணக்கு அல்ல. சாதா விசைத்தறியில் கிராங்க் ஷாஃப்ட் ஒரு சுற்றுக்கு ஓர் ஊடை போகும்; அடியில் உள்ள ஷாஃப்ட் பாதி வேகத்தில் சுற்றும்; நாடா இந்த முறை இடப்பக்கத்திலிருந்து போக வேண்டுமா வலப்பக்கத்திலிருந்தா என்பதை அந்த அடி ஷாஃப்ட்தான் முடிவு செய்யும். கிராங்கை மட்டும் பார்த்து நாடா எந்தப் பெட்டியில் இருக்கிறது என்று சொல்ல முடியாதது போலத்தான் எஞ்சினிலும். எந்த சிலிண்டருக்கு இப்போது பெட்ரோல் தெளிக்க வேண்டும், எதில் பொறி விழ வேண்டும் என்று தீர்மானிக்க ஈ.சி.எம்முக்கு இரண்டு ஷாஃப்டின் நிலையும் வேண்டும்.

கார்புரேட்டரும் டிஸ்ட்ரிபியூட்டரும் இருந்த காலத்தில் இந்த வேலையைப் பல்சக்கரங்களே செய்தன. டிஸ்ட்ரிபியூட்டர் கேம்ஷாஃப்டிலிருந்தே சுற்றியதால் எந்த சிலிண்டர் என்ற கேள்விக்கே இடமில்லை. மாசுக் கட்டுப்பாட்டு விதிகள் இறுக இறுகக் காரில் சென்சார்கள் பெருகின. பி.எஸ்.-4 விதி 2017 ஏப்ரல் முதல் நாடு முழுவதும் கட்டாயமானது. 2020 ஏப்ரல் 1 முதல் பி.எஸ்.-6. இன்று விற்பனையாகும் கார்களில் பலவற்றுக்கு உள்ளிழுக்கும் கேமுக்கு ஒன்று, வெளியேற்றும் கேமுக்கு ஒன்று என இரண்டு கேம் சென்சார்கள் உண்டு. வால்வு திறக்கும் நேரத்தை ஓட்டத்திலேயே மாற்றும் அமைப்பு வந்த பிறகு, கேம் எவ்வளவு முன்னே பின்னே திரும்பியிருக்கிறது என்று சொல்லும் வேலையும் இவற்றுக்குச் சேர்ந்துகொண்டது.

இவற்றில் இரண்டு வகை உண்டு. பழைய வகை காந்தச் சுருள்: இரண்டு வயர்தான், கேமோடு சுற்றும் சக்கரத்தின் பல் கடக்கும்போது தானே மாறுமின்னழுத்தம் உண்டாக்கும், சுற்று குறைந்தால் சமிக்ஞையும் மெலியும். இன்று பரவலாக இருப்பது ஹால் வகை. காந்தப்புலத்தில் வைத்த, மின்னோட்டம் பாயும் கடத்தியின் குறுக்கே மின்னழுத்தம் தோன்றும் என்பதை அமெரிக்க இயற்பியலாளர் எட்வின் ஹால் 1879இல் கண்டறிந்தார். அந்தப் பெயரைத் தாங்கிய இந்த வகைக்கு மூன்று வயர்: ஒன்று 5 வோல்ட் அல்லது 12 வோல்ட் சப்ளை, ஒன்று எர்த், ஒன்று சிக்னல். சிக்னல் வயரில் உள்ள 5 வோல்ட்டைப் பெரும்பாலான கார்களில் ஈ.சி.எம்தான் கொடுக்கிறது. பல் எதிரே வரும்போது சென்சார் அதை எர்த்துக்கு இழுக்கும், பல் விலகினால் விட்டுவிடும். ஆக, ஈ.சி.எம். பார்ப்பது தன் பின்னில் ஏறி இறங்கும் மின்னழுத்தம் ஒன்றை மட்டுமே. சென்சார் செத்தாலும், வயரை எலி கடித்தாலும், கப்ளரில் தண்ணீர் புகுந்தாலும், எர்த் துருப்பிடித்தாலும் அதன் கண்ணுக்குத் தெரிவது ஒரே காட்சிதான்.

கோடுகளைப் படிக்க வேண்டியதும் இந்த வரம்புக்குள்தான். பி-0340 என்பது கேம் சென்சார் மின்சுற்றில் கோளாறு என்கிறது. அது சுட்டுவது சுற்றை, சென்சாரை அல்ல. பி-0341 சமிக்ஞை வருகிறது, எதிர்பார்த்த வடிவில் இல்லை என்கிறது. பி-0342, பி-0343 இரண்டும் சிக்னல் வயர் தாழ்ந்தோ உயர்ந்தோ ஒரே இடத்தில் நின்றுவிட்டது என்பவை. இவை வரும்போது ஷார்ட்டையோ அறுந்த வயரையோ முதலில் தேடுவதுதான் முறை. பி-0016 வந்தால் கதையே வேறு. கிராங்கும் கேமும் ஒன்றுக்கொன்று பொருந்தவில்லை என்று பொருள். அப்போது பெரும்பாலும் இரண்டு சென்சாரும் உண்மையைத்தான் சொல்லிக்கொண்டிருக்கும். பொய் சொல்வது தளர்ந்த டைமிங் செயினோ, பல் தாண்டிய பெல்ட்டோ, சிக்கிக்கொண்ட ஆயில் கன்ட்ரோல் வால்வோ. சுவிஃப்ட் முதல் இண்டிகா விஸ்டா வரை பல கார்களில் ஓடிய ஃபியட்டின் 1.3 லிட்டர் டீசல் எஞ்சின் செயினில் இயங்குவது. ஆயில் மாற்றுவதைத் தள்ளிப்போட்டு ஓட்டிய வண்டியில் இந்தப் பொருத்தமின்மை கோடு வந்தால், சென்சார் வாங்கக் கிளம்புமுன் செயினைப் பார்க்க வேண்டும். செயின் பல் தாண்டினால் வால்வும் பிஸ்டனும் மோதும். அதன் செலவோடு ஒப்பிட்டால் சென்சார் விலை ஒரு பொருட்டே இல்லை.

அறிகுறிகளும் தனியாக நின்று எதையும் நிரூபிப்பதில்லை. நெடுநேரம் ஸ்டார்ட்டர் சுற்றிய பிறகு பிடிப்பது, இழுவை குறைவது, குறிப்பிட்ட சுற்றுக்கு மேல் எஞ்சின் ஏற மறுப்பது, சூடான பின் திடீரென நின்று ஆறிய பின் மறுபடி ஓடுவது ஆகியவை கேம் சென்சார் பழுதின் அறிகுறிகளே. ஆனால் கடைசியாகச் சொன்னது கிராங்க் சென்சாருக்கும் டாங்கிலுள்ள பெட்ரோல் பம்புக்கும் பொதுவானது. ஓடும் எஞ்சினில் கேம் சமிக்ஞை மட்டும் அறுந்தால் பல கார்கள் கிராங்க் சென்சாரை வைத்துக்கொண்டு ஓடிக்கொண்டே இருக்கும். கிராங்க் சமிக்ஞை அறுந்தால் பெரும்பாலும் உடனே நின்றுவிடும். சேலம் - கொச்சி நெடுஞ்சாலையில் சித்திரை வெயிலில் ஓடும் வண்டி சொல்லாமல் நின்றால், முதல் சந்தேகம் கிராங்க் சென்சார் மீதுதான் விழ வேண்டும். சூட்டில் விரிந்தும் குளிரில் சுருங்கியும் சில்லின் உள்ளிணைப்பு விட்டுப்போவது இரண்டு சென்சாருக்கும் நேரக்கூடியதே. தறிப் பஞ்சும் சாலைப் புழுதியும் படிவதால் கெடுவதில்லை. காந்தப்புலத்துக்கு அவை தடையே அல்ல. நுனியில் ஒட்டும் இரும்புத் துகள்தான் எதிரி. துகள் இருந்தால் அது எங்கிருந்து தேய்ந்து வந்தது என்று கேட்காமல் துடைத்துவிட்டு மூடுவது பாதி வேலை.

சோதிக்கப் பெரிய கருவி எதுவும் வேண்டாம். முதலில் பேட்டரி: ஸ்டார்ட்டர் சுற்றும்போது மின்னழுத்தம் 10 வோல்ட்டுக்குக் கீழே வெகுவாக இறங்கினால், மற்ற அளவீடுகளையும் கோடுகளையும் நம்பக் கூடாது. பிறகு கண்ணால் பார்ப்பது: எலிக் கடி, உரசிய வயர், எஞ்சினுக்கு வாட்டர் வாஷ் அடித்ததில் கப்ளருக்குள் தேங்கிய ஈரம், பச்சை பூத்த பின். அடுத்து ஸ்கேனரின் நேரடி அளவீட்டில், ஸ்டார்ட்டர் சுற்றும்போது ஆர்.பி.எம். காட்டுகிறதா என்று பார்க்க வேண்டும். காட்டினால் கிராங்க் சென்சார் வேலை செய்கிறது. பிறகு கப்ளரைக் கழற்றி, சாவியை ஆன் செய்து மல்டிமீட்டரில் அளக்க வேண்டும். ஹால் வகையில் சப்ளை பின்னில் 5 அல்லது 12 வோல்ட், சிக்னல் பின்னில் ஈ.சி.எம். கொடுக்கும் 5 வோல்ட் வர வேண்டும். சப்ளையே இல்லையென்றால் சென்சாருக்கு அங்கு வேலையே இல்லை. அதே 5 வோல்ட்டைப் பகிர்ந்துகொள்ளும் வேறொரு சென்சார் ஷார்ட் ஆகி எல்லாவற்றையும் கீழே இழுத்திருக்கலாம். ஒவ்வொன்றாகக் கப்ளரைக் கழற்றிப் பார்த்தால் எது கழன்றதும் 5 வோல்ட் திரும்புகிறது என்று தெரிந்துவிடும். எர்த்தைச் சோதிக்கும்போது கப்ளரை மாட்டிவிட்டு, எர்த் வயருக்கும் பேட்டரியின் நெகட்டிவுக்கும் இடையே அளக்க வேண்டும், 0.1 வோல்ட்டுக்கு மேல் காட்டினால் எர்த் சரியில்லை.

சப்ளை, எர்த், சிக்னல் வயர் மூன்றும் தேறிய பிறகுதான் சென்சார் விசாரணைக்கு வருகிறது. இக்னிஷன் காயில், இன்ஜெக்டர் கப்ளர்களைக் கழற்றிவிட்டு, சாவியை ஆன் செய்து, கிராங்க் புல்லி போல்ட்டில் ஸ்பானர் போட்டு எஞ்சின் ஓடும் திசையிலேயே மெல்லத் திருப்ப வேண்டும். கப்ளரின் பின்பக்கமாக ஊசி செருகிய மல்டிமீட்டரில் சிக்னல் 5 வோல்ட்டுக்கும் கிட்டத்தட்ட பூஜ்யத்துக்கும் மாறி மாறி வந்தால் சென்சார் உயிரோடு இருக்கிறது. கேம் ஒரு முழுச் சுற்று சுற்றியும் ஒரே எண்ணில் நின்றால் சென்சார் போய்விட்டது. அல்லது அதன் எதிரே பற்சக்கரமே சுற்றவில்லை. பெல்ட் அறுந்த எஞ்சினில் இந்தக் காட்சிதான் தெரியும். சூட்டில் மட்டும் கெடும் சென்சாரைக் குளிர்ந்த எஞ்சினில் சோதித்துப் பயனில்லை. ஹாட் ஏர் கன்னால் அளவாகச் சூடேற்றி மறுபடி பார்க்க வேண்டும். இரண்டு வயர் வகைக்கு மட்டும் ஓம் அளவு பார்க்கலாம். ஹால் சென்சாரில் ஓம் பார்ப்பது எதையும் சொல்லாது. இன்னும் சில ஒர்க்‌ஷாப்புகளில் அதைத்தான் செய்கிறார்கள். உள்ளிழுக்கும் கேமுக்கும் வெளியேற்றும் கேமுக்கும் ஒரே பார்ட் நம்பர் சென்சார் இருக்கும் எஞ்சினில் எல்லாவற்றிலும் எளிய சோதனை, இரண்டையும் இடம் மாற்றிப் போடுவது. கோடும் இடம் மாறினால் குற்றவாளி சென்சார். மாறாவிட்டால் வயரிங்கோ செயினோ.

இதற்கு எழும் முதல் மறுப்பு, இவ்வளவு சோதிக்கும் நேரத்துக்கான கூலியைவிடச் சென்சாரே மலிவு, மாற்றிப் பார்த்துவிடலாமே என்பது. கைக்கு எட்டும் இடத்தில் சென்சார், அதிக கிலோமீட்டர் ஓடிய வண்டி, கோடு பி-0340 என்றால் இந்த வாதத்தில் ஓரளவு நியாயம் உண்டு. அனுபவமுள்ள மெக்கானிக்கின் ஊகம் பல தடவை சரியாகவும் இருக்கும். ஆனால் இந்தக் கணக்கில் இரண்டு செலவுகள் விடுபடுகின்றன. மின்பொருளைப் பிரித்துவிட்டால் கடைக்காரர் திரும்ப எடுப்பது அரிது. அதைவிட முக்கியமானது, சென்சாரை மாற்றும்போது கப்ளரைக் கழற்றி மாட்டுகிறோம். துருவேறிய பின்கள் உரசிச் சுத்தமாகி, பழுது சில நாளுக்கு மறைந்துவிடும். மாற்றியதும் சரியானது என்பதாலேயே பழைய சென்சார் கெட்டிருந்தது என்று ஆகாது. அந்தத் தற்காலிகக் குணம் செயின் தளர்ச்சியை மூடிமறைத்தால் விலை இன்னும் கூடும்.

கம்பெனி வைத்த ஸ்கேனரைவிட மெக்கானிக்கின் மீட்டர் பெரிதா என்பது இரண்டாவது மறுப்பு. ஸ்கேனர் தவறு செய்வதில்லை; தனக்குத் தெரிந்ததைச் சொல்கிறது. கம்பெனிகளின் சர்வீஸ் மேனுவல்களும் கோடு வந்தவுடன் சென்சாரை மாற்றச் சொல்வதில்லை. சப்ளை, எர்த், சிக்னல், பிறகு சென்சார் என்றுதான் படிப்படியாகப் போகச் சொல்கின்றன. மூன்றாவது மறுப்பு, இதெல்லாம் ஆசிலோஸ்கோப் வைத்திருக்கும் பெரிய சர்வீஸ் சென்டர்களுக்குப் பொருந்தும், குமாரபாளையம், பள்ளிபாளையம் அளவு ஊர்களுக்கு ஆகாது என்பது. விட்டு விட்டு வரும் பழுதுக்கு ஸ்கோப் இருந்தால் நல்லதுதான். மற்றவற்றுக்கு மீட்டரும் ஸ்பானரும் போதும். நாமக்கல், சங்ககிரி, திருச்செங்கோடு வட்டாரம் லாரியிலும் போர்வெல் ரிக்கிலும் வளர்ந்தது. டீசல் வண்டி ஸ்டார்ட் ஆகாவிட்டால் நாசில் பைப்பின் நட்டைத் தளர்த்தி, டீசல் வருகிறதா என்று பார்க்காமல் இங்குள்ள பழைய மெக்கானிக் யாரும் பம்பைக் கழற்றியதில்லை. வருவதைச் சோதித்துவிட்டுப் பொருளில் கைவைக்கும் அந்தப் பழக்கத்தைத்தான் கேம் சென்சாரும் கேட்கிறது. அங்கே டீசல், இங்கே 5 வோல்ட்.

சென்சாரே பழுது என்று உறுதியானால் மிச்சம் சிறு வேலை. எஞ்சினை ஆறவிட்டு, பேட்டரியின் நெகட்டிவைக் கழற்றி, கப்ளர் பூட்டை நெம்பாமல் அழுத்தி எடுத்து, பெரும்பாலும் 10 எண் ஸ்பானர் பிடிக்கும் அந்த ஒற்றை போல்ட்டைக் கழற்ற வேண்டும். ஒட்டிக்கொண்ட சென்சாரை இடவலமாகத் திருகி எடுக்கலாம். ஸ்க்ரூடிரைவரால் நெம்பினால் முனை உடைந்து உள்ளே விழும். பழையதையும் புதியதையும் பக்கத்தில் வைத்து நீளம், பின் அமைப்பு, பார்ட் நம்பர் மூன்றையும் ஒப்பிட வேண்டும். நுனிக்கும் பல்லுக்கும் இடையே பொதுவாக ஒரு மில்லிமீட்டர் அளவு இடைவெளிதான் இருக்கும் என்பதால், போலிச் சென்சாரின் நீளத்தில் சிறு வேறுபாடு இருந்தாலும் சமிக்ஞை கெடும், அல்லது பல் இடிக்கும். புதிய ஓ ரிங்கில் எஞ்சின் ஆயில் தடவிக் கையாலேயே முழுதாக உள்ளே அழுத்திய பிறகுதான் போல்ட்டை முறுக்க வேண்டும். போல்ட்டை வைத்துச் சென்சாரை இழுத்து உட்கார வைத்தால் போல்ட் பிடிக்கும் காது முறியும். சில கார்களில் ஸ்கேனர் மூலம் கேம் - கிராங்க் நிலையை மறுபடி பதிய வைக்க வேண்டியிருக்கும். கோடை அழித்து, எஞ்சின் நன்றாகச் சூடேறும்வரை ஓட்டி, நிறுத்தி, சூட்டோடு மீண்டும் ஸ்டார்ட் செய்து பார்த்த பிறகே வண்டியை ஒப்படைக்கலாம். கோடை அழிக்காமல் விட்டாலும், பழுது உண்மையிலேயே தீர்ந்திருந்தால் பெரும்பாலான கார்களில் தொடர்ந்து மூன்று ஓட்டங்களில் கோளாறு தென்படாதபோது செக் லைட் தானாகவே அணைந்துவிடும்.