ஈழை நோயாளிகளுக்கான தடுப்பூசிகள்

ஈழை நோய் (ஆஸ்துமா) உள்ளவர்களுக்கு இன்ஃபுளுவென்சா எனப்படும் சளிக்காய்ச்சலையும், நிமோகாக்கசு என்னும் பாக்டீரியாவால் உண்டாகும் நுரையீரல் அழற்சியையும் (நிமோனியா) தடுக்க இருவகைத் தடுப்பூசிகள் பரிந்துரைக்கப்படுகின்றன. இவை ஈழை நோயைக் குணப்படுத்துவன அல்ல. உள்ளிழுக்கும் மருந்துக்கு மாற்றும் அல்ல. ஏற்கெனவே அழற்சியுற்ற மூச்சுக்குழாய்களில் நச்சுயிரி (வைரசு) தொற்றும்பொழுது வீக்கமும் சளியும் மிகுந்து கடும் மூச்சுத்திணறல் ஏற்படக்கூடும்.

சளிக்காய்ச்சல் தடுப்பூசி

இந்நச்சுயிரி அடிக்கடி உருமாறுவதால், தடுப்பூசியில் சேர்க்க வேண்டிய வகைகளை உலக சுகாதார அமைப்பு ஆண்டுக்கு இருமுறை அறிவிக்கிறது. எனவே ஊசியை ஆண்டுதோறும் போட்டுக்கொள்ள வேண்டும். பாதுகாப்பு உருவாக ஏறத்தாழ இரண்டு வாரங்கள் ஆகும்.

தில்லி, கொல்கத்தா போன்ற இடங்களில் தென்மேற்குப் பருவமழைக் காலத்தில் இக்காய்ச்சல் மிகுகிறது. சென்னை, வேலூர் ஆகிய நகரங்களில் நடந்த கண்காணிப்பிலோ அக்டோபர், நவம்பர் மாதங்களில் உச்சம் காணப்பட்டது. புதுக்கோட்டை மாவட்டமும் வடகிழக்குப் பருவமழையைப் பெரிதும் நம்பியிருப்பதே. ஆகவே ஐப்பசி மழைக்கு முன்பாக, செப்டம்பர் மாதத்தில் போட்டுக்கொள்வது இங்கு பொருத்தமாகத் தோன்றுகிறது.

ஊசி போட்டால் இழுப்பு வரும் என்ற அச்சம் சிலரிடம் உண்டு. செயலிழக்கச் செய்த நச்சுயிரியைக் கொண்ட ஊசி இழுப்பை மிகுவிப்பதாக ஆய்வுகளில் தெரியவரவில்லை. (இழுப்பின் எண்ணிக்கையை அது எவ்வளவு குறைக்கிறது என்பதற்கான சான்றும் வலுவானதன்று.) மூக்கில் தெளிக்கப்படும், வலுக்குறைத்த உயிருள்ள நச்சுயிரித் தடுப்பு மருந்து வேறு, 2 முதல் 4 வயது வரையுள்ள, இழுப்பு வரும் குழந்தைகளுக்கு அது தகாதது.

நிமோகாக்கசு தடுப்பூசி

2005 ஆம் ஆண்டு அமெரிக்காவில் வெளியான ஓர் ஆய்வு, ஈழை நோயாளிகளுக்குக் கடும் நிமோகாக்கசு தொற்று ஏற்படும் வாய்ப்பு மற்றவர்களைவிட இரு மடங்குக்கு மேல் எனக் காட்டியது. 2008 இல் அந்நாட்டின் தடுப்பூசி ஆலோசனைக் குழு, 19 முதல் 64 வயது வரையுள்ள ஈழை நோயாளிகளுக்கும் இதனைப் பரிந்துரைத்தது. இது ஆண்டுதோறும் தேவைப்படுவதன்று. ஊசியின் வகையைப் பொறுத்து ஒன்றோ இரண்டோ தவணைகள் போடப்படும்.

கிடைக்கும் தன்மை

இந்திய அரசின் தடுப்பூசித் திட்டத்தில் நிமோகாக்கசு ஊசி 2017 முதல் சில மாநிலங்களிலும், 2021 இல் தமிழ்நாட்டிலும் சேர்க்கப்பட்டது. 6 வாரம், 14 வாரம், 9 மாதம் என மூன்று தவணைகளாகக் குழந்தைகளுக்கு ஆரம்ப சுகாதார நிலையங்களில் இலவசமாகப் போடப்படுகிறது. பெரியவர்கள் இதில் அடங்குவதில்லை. சளிக்காய்ச்சல் ஊசியோ அத்திட்டத்திலேயே இல்லை. ஆகையால் மாவட்டத்தின் கல்குவாரிகளில் தூசுக்கிடையே உழைக்கும் ஈழை நோயாளி ஒருவர் இவ்விரண்டையும் பெரும்பாலும் தம் சொந்தச் செலவிலேயே போட்டுக்கொள்ள நேரிடுகிறது.