நீம் நகரத்துக் கற்களும் அரிக்கமேட்டு மணிகளும்

2022 ஜூலை மாதம் பிரான்சில் மகள் வீட்டில் தங்கியிருந்தேன். மருமகன் சொல்தா. நம் புதுச்சேரி அன்பர்களுக்கு இந்தச் சொல்லுக்கு விளக்கம் தேவையில்லை. 1962-இல் குடியுரிமை தேர்ந்தெடுக்கச் சொன்னபோது அவருடைய தாத்தா பிரெஞ்சுப் பக்கம் கையெழுத்துப் போட்டார், என் அப்பா போடவில்லை. அந்த ஒரு கையெழுத்தால் பேத்தியும் பேரனும் தெற்குப் பிரான்சில் நீம் நகரத்துப் பிள்ளைகள். நான் புதுவை அரசின் பொதுப்பணித் துறையில் எழுத்தராகச் சேர்ந்து, குடிநீர்க் கோப்புகளோடு முப்பத்து நான்கு ஆண்டு குப்பை கொட்டி ஓய்வு பெற்றவன்.

அங்கே கோடை விடுமுறையில் பிள்ளைகளோடு பழைய ரோமானிய இடங்களைச் சுற்றிக் காட்டும் குடும்பச் சுற்றுலா ஒன்று உண்டு. ஒரு வேனில் நாலைந்து குடும்பம், கூடவே ஒரு வழிகாட்டி. எங்களுக்கு வாய்த்தது முப்பது வயதுக்குள் இருந்த ஒரு பெண். ஏறியதுமே ஒவ்வொரு பிள்ளை கையிலும் ஒரு தாளும் பென்சிலும் கொடுத்துவிட்டாள். தாளில் பத்துக் கேள்விகள். பதில் அவள் வாயில் கிடைக்காதாம், கல்லில்தான் தேட வேண்டுமாம். பேத்திக்கு அப்போது வயது பதினொன்று, பேரனுக்கு எட்டு. பேரன் தாளை வாங்கி, "தாத்தா, உங்களுக்கும் ஒண்ணு கேட்கட்டுமா?" என்றான். கேட்டு வாங்கியும் கொடுத்தான்.

முதலில் போன இடம் போன் துய் கார். பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவர்களுக்குப் பாடப்புத்தகப் படமாக நினைவிருக்கும். எங்கள் சரித்திரப் புத்தகம் நம் முன்னோர் கால் இனத்தவர் என்றுதான் தொடங்கியது. வெயிலில் கறுத்த நாற்பது பிள்ளைகள் அதை ஒரே குரலில் ஒப்பித்தோம், யாருக்கும் சிரிப்பு வந்ததாக நினைவில்லை. அடுத்த சில பக்கங்களில் ரோமானியர் வந்து அந்தக் கால்களை வென்று, இந்தப் பாலத்தைக் கட்டினார்கள். படத்தில் அது உள்ளங்கை அகலம். நேரில் 49 மீட்டர் உயரம்.

பாலம் என்கிறோமே தவிர, உண்மையில் அது ஒரு வாய்க்கால். கார்தோன் ஆறு பள்ளத்தாக்கில் ஓடுகிறது. உசேஸ் ஊர்ப் பக்கத்து ஊற்றுத் தண்ணீர் நீம் நகரத்துக்குப் போக வேண்டும், ஆறு குறுக்கே நிற்கிறது. அதனால் கீழ்வரிசையில் 6 வளைவு, அதன்மேல் 11, அதற்கும் மேலே சின்னச் சின்ன வளைவுகள் என்று மூன்று அடுக்காக எழுப்பி, உச்சியில் வாய்க்காலைக் கொண்டுபோனார்கள். மேல்வரிசையில் முன்பு 47 வளைவு, இப்போது மிஞ்சியிருப்பது 35. கட்டியது கி.பி. முதல் நூற்றாண்டில். கீழ் இரண்டு அடுக்கிலும் சுண்ணாம்புச் சாந்து கிடையாது. ஆறு டன் வரை எடையுள்ள கற்களைச் செதுக்கிப் பொருத்தி, கல்லின் கனத்திலேயே நிற்க வைத்திருக்கிறார்கள்.

என்னை அசத்தியது உயரம் அல்ல, சரிவு. உசேஸுக்கும் நீமுக்கும் நேர்க்கோட்டில் 20 கிலோமீட்டர்தான். நடுவில் மேடு இருப்பதால் வாய்க்கால் வளைந்து நெளிந்து சுமார் 50 கிலோமீட்டர் போகிறது. அந்த 50 கிலோமீட்டருக்கும் சேர்த்து மொத்த இறக்கம் பன்னிரண்டரை மீட்டர் சொச்சம். அதாவது சராசரியாக ஒரு கிலோமீட்டருக்கு ஒரு சாண். நம்மூரில் தெருக் குழாய் போடும்போது சரிவு தவறி, தண்ணீர் கடைசி வீட்டுக்கு வராமல் வந்த மனுக்களை எண்ணிப் பார்த்தேன். மின்சார மோட்டார் இல்லாத காலத்தில், கிலோமீட்டருக்கு ஒரு சாண் என்று அளந்து வெட்டியிருக்கிறார்கள்!

உச்சியில் இருக்கும் வாய்க்காலுக்குள் எங்களை நடத்திக் கூட்டிப்போனாள். இரண்டு பக்கச் சுவரிலும் தண்ணீரின் சுண்ணாம்பு படிந்து படிந்து, சில இடங்களில் ஏறத்தாழ ஒரு முழ கனத்துக்குக் கல்லாகி நிற்கிறது. "வீட்டுக் கெட்டில் அடியில வெள்ளையா ஒட்டுமே, அதுதான் இது. சில நூறு வருஷம் யாரும் கழுவலைன்னா இப்படித்தான்" என்றாள் பிள்ளைகளிடம். உடனே எல்லாருக்கும் புரிந்துவிட்டது. வாய்க்காலை ஒழுங்காகச் சுரண்டிப் பராமரித்த வரையில் தண்ணீர் நிறைய ஓடியது. பராமரிப்பு குறையக் குறைய வாய்க்கால் குறுகி, கடைசியில் நின்றே போனது. எந்தப் பேரரசும் விழுவது இப்படித்தான் போலிருக்கிறது.

தாளில் ஆறாவது கேள்வி, கல்லில் எழுத்து எங்கே இருக்கிறது என்பது. பேத்தி கண்டுபிடித்தாள். இடது முகப்பு, இன்ன எண் என்று லத்தீனில் சுருக்கமாகச் செதுக்கிய குறி. கல் எந்த இடத்தில் உட்கார வேண்டும் என்று கொத்தனார் போட்டது. ரொம்ப நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். கோப்பு எண், அலமாரி எண் என்று காலம் பூராவும் குறித்தவனுக்கு, இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்திய சக ஊழியர் ஒருவரைப் பார்த்தது போல இருந்தது.

பேரனுக்கு நம்மூர்த் தண்ணீர்க் கதையைச் சொன்னேன். பாரதி பூங்காவின் நடுவில் நிற்கும் ஆயி மண்டபத்தை அவன் பார்த்திருக்கிறான். தன் வீட்டை இடித்துவிட்டு ஊருக்காகக் குளம் வெட்டிய ஆயி என்ற தாசியின் கதை நம் எல்லாருக்கும் தெரிந்தது. மூன்றாம் நெப்போலியன் காலத்தில் முத்திரப்பாளையத்திலிருந்து நகரத்துக்குத் தண்ணீர் கொண்டுவந்ததன் நினைவாகத்தான் அந்த மண்டபத்தைக் கட்டினார்கள். அதன் தூணும் வளைவும் கிரேக்க ரோமானிய பாணி. "அப்ப நம்ம ஊர்லயும் குட்டி ரோம் இருக்கு" என்றான். தூணைச் செய்தவர்கள் பிரெஞ்சுக்காரர்கள், பெயரைக் கொடுத்தவள் நம்மூர்ப் பெண் என்று சொல்லிவைத்தேன்.

மதியத்துக்கு மேல் நகரத்துக்குத் திரும்பினோம். அந்தத் தண்ணீர் வந்து விழுந்த வட்டத் தொட்டி இன்றும் இருக்கிறது, 1844-இல் வெளிப்பட்டது. சுற்றுச் சுவரில் பத்துப் பெரிய துளைகள். ஒவ்வொன்றிலும் ஈயக் குழாய் பொருத்தி ஊரின் பகுதிகளுக்குத் தண்ணீரைப் பிரித்துவிட்டிருக்கிறார்கள். அதன் பிறகு அரங்கம். 133 மீட்டர் நீளம், 101 மீட்டர் அகலம், சுமார் 24,000 பேர் உட்காரலாம். இடைக்காலத்தில் மக்கள் இதற்குள்ளேயே வீடு கட்டித் தெருப் போட்டுக் குடியிருந்தார்களாம். பிள்ளைகளை அங்கிருந்து கிளப்புவதுதான் பெரும்பாடாகிவிட்டது. பேரன் கிளாடியேட்டராகி, ஒரு ஜெர்மன் பையனை இரண்டு முறை கொன்றான்.

கடைசியாக மேசோன் கர்ரே, அதாவது சதுர வீடு. நீள்சதுரமாக இருப்பதை ஏன் சதுர வீடு என்கிறார்கள் என்பது எட்டாவது கேள்வி. பழைய பிரெஞ்சில் மூலைகள் நேர்கோணமாக இருந்தாலே அந்தச் சொல்லைப் பயன்படுத்துவார்கள். இந்தப் பதில் எனக்குத் தெரிந்திருந்தது, பேரனிடம் மதிப்பு கூடிற்று. ரோமானியக் கோயில்களில் இவ்வளவு முழுமையாக நிற்பவை மிகச் சில. காரணம் எளிது. ஒரு காலத்திலும் அது சும்மா கிடக்கவில்லை. நகரச் சபைக் கூடமாக, குதிரை லாயமாக, மாதா கோயிலாக, புரட்சிக்குப் பிறகு அரசு ஆவணக் காப்பகமாக என்று யாராவது புழங்கிக்கொண்டே இருந்தார்கள். 2023 செப்டம்பரில் யுனெஸ்கோ பட்டியலிலும் சேர்ந்துவிட்டது.

யாருக்காகக் கட்டினார்கள் என்பது பல நூற்றாண்டு தெரியாமல் இருந்தது. முகப்பில் இருந்த வெண்கல எழுத்துகளைப் பெயர்த்துக்கொண்டு போய்விட்டார்கள், ஆணி அடித்த துளைகள் மட்டுமே மிச்சம். 1758-இல் அதே ஊர்க்காரரான செகியே என்ற அறிஞர், துளைகளின் இடத்தை வைத்தே எழுத்துகளைக் கண்டுபிடித்துப் படித்தார். கையுஸ், லூசியுஸ் என்ற இரண்டு இளைஞர்களின் பெயர். அகஸ்டஸ் சக்கரவர்த்தியின் மகள் வயிற்றுப் பேரன்கள். ஆண் வாரிசு இல்லாததால் அவர்களையே தத்தெடுத்து வளர்த்தார். கி.பி. 2-இல் லூசியுஸ் அங்கிருந்து அதிக தூரமில்லாத மார்செய்யில் இறந்தான். இரண்டு வருஷத்தில் மூத்தவனும் போய்ச் சேர்ந்தான். உலகத்தையே ஆண்ட ஒரு தாத்தாவால் இரண்டு பேரன்களைக் காப்பாற்ற முடியவில்லை. வழிகாட்டி இதைச் சொன்னபோது பேரன் கையை நான் பிடித்துக்கொண்டேன். அவன் உதறிவிட்டுப் படி எண்ணப் போய்விட்டான்.

படிக்கட்டில் எல்லாரையும் உட்காரவைத்து அந்தப் பெண் கேட்டாள்: ரோமானியர்கள் எவ்வளவு தூரம் போனார்கள்? ஒரு பிள்ளை இங்கிலாந்து என்றது, ஒன்று எகிப்து என்றது. என் பேத்தி கையைத் தூக்கி, "எங்க தாத்தா ஊருக்கு வந்தாங்களா?" என்றாள். எந்த ஊர் என்று அந்தப் பெண் என்னைப் பார்த்தாள். பொந்திச்சேரி என்றேன். "அப்படியானால் நீங்களே சொல்லுங்கள், மிஸ்யே" என்று இடம் கொடுத்துவிட்டாள்.

எழுந்து நின்றேன். பள்ளியை விட்ட பிறகு ஒரு கூட்டத்துக்கு முன்னால் பிரெஞ்சில் பேசியதே கிடையாது. ஆனாலும் வந்தது. எங்கள் ஊருக்குத் தெற்கே நாலு கிலோமீட்டரில் ஆற்றங்கரையில் அரிக்கமேடு இருக்கிறது என்றேன். 1930-களில் ழுவோ துப்ரேய் என்ற பிரெஞ்சு அறிஞர் அங்கே கிராமத்துப் பிள்ளைகள் பொறுக்கி வைத்திருந்த மணிகளையும் கற்களையும் காசு கொடுத்து வாங்கினார். அங்கே கிடைத்த ஒரு கல்லில் ஆண் தலை ஒன்று செதுக்கியிருந்தது. அது அகஸ்டஸ் என்று அவர் சொன்னார். யார் பேரன்களுக்காக இந்தக் கோயிலைக் கட்டினார்களோ, அதே அகஸ்டஸ். பிறகு 1945-இல் வீலர் தோண்டினார், அடுத்த சில ஆண்டுகளில் கசால் தோண்டினார். ஒயின் வந்த இருகாது ஜாடிகளின் துண்டுகளும் இத்தாலியில் செய்த சிவப்புத் தட்டுகளின் துண்டுகளும் கிடைத்தன. கிரேக்க மொழியில் எழுதிய பழைய கடல் வணிகக் கையேடு ஒன்றில் வரும் பொதுகே என்ற துறைமுகம் இதுதான் என்று அறிஞர்கள் பலர் கருதுகிறார்கள்.

இன்னொன்றும் சொன்னேன். ரோமானியர் வந்து எங்களுக்கு ஊர் கட்டித் தரவில்லை. 1989 முதல் 1992 வரை விமலா பெக்லி நடத்திய ஆய்வில், ரோமானியச் சரக்கு வருவதற்கு முன்பே அங்கே ஊர் இருந்தது தெளிவானது. எங்கள் ஆட்கள் மணி செய்தார்கள், இவர்கள் ஒயின் கொண்டுவந்தார்கள், வியாபாரம் நடந்தது, அவ்வளவுதான். பிள்ளைகள் கைதட்டினார்கள். பேத்தியின் முகத்தைப் பார்த்தேன். அதற்காகவே விமானச் செலவு தகும்.

வேனில் திரும்பும்போது மகள் மெதுவாகக் கேட்டாள். "இவ்வளவு தெரிஞ்சு வச்சிருக்கீங்களே அப்பா, எங்களை ஒரு நாளாவது அங்க கூட்டிட்டுப் போயிருக்கீங்களா?"

இல்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் கடற்கரைக்குக் கூட்டிப்போனேன், மணக்குள விநாயகர் கோயிலுக்குப் போனோம், சினிமாவுக்கும் போனோம். நாலு கிலோமீட்டரில் இருந்த அரிக்கமேட்டுக்கு ஒரு நாள்கூடப் போகவில்லை. இவ்வளவும் நான் ஓய்வு பெற்ற பிறகு படித்துத் தெரிந்துகொண்டவை. அவள் பிள்ளையாக இருந்தபோது எனக்கே தெரியாது. என்னிடம் பதில் இல்லாததால் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

2023 டிசம்பரில் எல்லாரும் இங்கே வந்தார்கள். மறுநாள் காலையிலேயே அரிக்கமேட்டுக்கு ஆட்டோ பிடித்தேன். மாந்தோப்பு, தென்னை, ஆறு. பேரன் சுற்றிப் பார்த்துவிட்டு, "எங்க தாத்தா இருக்கு?" என்றான். செங்கல் தூண்கள் இரண்டு நின்றன. அவை ரோமானியருடையவை என்று நம்மில் பலர் நினைக்கிறோம். அவை பதினெட்டாம் நூற்றாண்டில் பாதிரிமார் கட்டிய குருமடத்தின் மிச்சம். பழைய ஊர் முழுக்க மண்ணுக்கடியில், தோண்டிய குழிகளையும் மூடிவிட்டார்கள். வீலர் வருவதற்கு வெகுகாலம் முன்பே அந்தச் செங்கல்லை வீடு கட்ட எடுத்துப்போனவர்களும் உண்டு. "உன் காலுக்குக் கீழதாண்டா இருக்கு" என்றேன். அவன் சட்டென்று ஒரு காலைத் தூக்கிக்கொண்டான்.

அவன் அக்கா குனிந்து மண்ணில் தேட ஆரம்பித்தாள். எதுவும் எடுக்கக் கூடாது, பார்க்கலாம் என்றேன். சிவப்பு ஓட்டுச் சில்லு ஒன்றைப் பார்த்துவிட்டு அங்கேயே வைத்தாள். அது நேற்று உடைந்த பானையோ, என்றோ உடைந்ததோ, யார் கண்டது. அதன் பிறகு பாரதி பூங்கா பக்கத்து அருங்காட்சியகத்துக்குப் போனோம். இருகாது ஜாடியைக் கண்டதும் பேரன் ஓடினான். நீம் நகரத்துத் தாளில் வரைந்த அதே உருவம். "இது எங்க ஊர்லேர்ந்து உங்க ஊருக்கு வந்தது" என்றான். நீமிலிருந்து அல்ல என்று திருத்தலாமா என்று யோசித்தேன். மகள் கண்ணைக் காட்டினாள், விட்டுவிட்டேன். அவள் ஜாடியின் பக்கத்தில் வெகுநேரம் நின்றாள். நாற்பது வயதில் அவளுக்கும் அதுதான் முதல் தடவை.

இதைப் படிக்கும் என் வயதுக்காரர்களில் சிலர், மழை பெய்த மறுநாள் அந்த மேட்டில் மணி பொறுக்கியிருப்பீர்கள். தீப்பெட்டியிலோ தகர டப்பாவிலோ இன்னும் ஒன்றிரண்டு கிடந்தால் தூக்கி எறிந்துவிடாதீர்கள். அருங்காட்சியகத்தில் கொண்டுபோய்க் காட்டுங்கள். போகும்போது பேரப்பிள்ளைகளையும் கூட்டிப்போங்கள். பிள்ளைகளைக் கூட்டிப்போகத் தவறிய நமக்குக் கிடைத்திருக்கும் இரண்டாவது சந்தர்ப்பம் அவர்கள்தான்.