பாகம் பிரிந்த நிலமும் நீதிமன்றப் படிகளும்

 

சொத்தின் பேரால் உறவினர் வழக்காடுவது இன்று நேற்றுத் தோன்றியதன்று. உஹதுப் போர்க்களத்தில் ஷஹீதான ஸஅது இப்னு ரபீஉ (ரலி) அவர்களின் மனைவியார், தம் இரு பெண்மக்களுடன் அண்ணல் நபி (ஸல்) அவர்களின் சமூகம் வந்து, கணவரின் சகோதரர் சொத்து முழுவதையும் எடுத்துக்கொண்டார் என்று முறையிட்டார். அதன் பின்னரே வாரிசுரிமை பற்றிய இறைவசனம் இறங்கியதாக ஹதீஸ் நூல்களில் காண்கிறோம். பெண்மக்களுக்கு 2/3, மனைவிக்கு 1/8, எஞ்சியது சகோதரருக்கு எனத் தீர்ப்பாயிற்று. 24 பங்காக வைத்தால் 16, 3, 5. முழுவதையும் கைப்பற்றியவருக்கு நின்றவை ஐந்தே பங்குகள். ஆயினும் அவரும் வெறுங்கையுடன் அனுப்பப்படவில்லை.

இக்கணக்கு நம் பகுதி வயல்களுக்குத் தடையின்றி வந்து சேர நெடுங்காலம் ஆயிற்று. 1873ஆம் ஆண்டின் சென்னை சிவில் நீதிமன்றச் சட்டம் முஸ்லிம்களின் வாரிசுரிமையில் ஷரீஅத்தை ஏற்றது. ஆனால் சட்டவலிமை பெற்ற வழக்காறு இருப்பின் அதற்கும் இடம் தந்தது. "எங்கள் குடும்பத்தில் பெண்களுக்கு நிலம் கொடுப்பதில்லை" என்று வாதிட அவ்வழியே கதவு திறந்திருந்தது. 1937இல் வந்த ஷரீஅத் சட்டம் அக்கதவை அடைத்தது. எனினும் விவசாய நிலம் அதில் விலக்கப்பட்டது. 1935ஆம் ஆண்டின் இந்திய அரசுச் சட்டப்படி அது மாகாணங்களின் அதிகாரத்துக்குட்பட்டிருந்ததே காரணம். சென்னை மாகாணம் 1949இல் திருத்தச் சட்டம் இயற்றி அவ்விலக்கை நீக்கியது. நஞ்சைக்கும் புஞ்சைக்கும் ஷரீஅத்தே சட்டம் என்றானது அதன் பிறகுதான்.

சட்டம் வந்தது, அனுபோகம் மாறவில்லை. தந்தை வஃபாத்தான பின் மூத்தவர் உழுகிறார், கிஸ்தி கட்டுகிறார், பட்டா அவர் பெயருக்கு மாறுகிறது. சகோதரி வேற்றூரில் வாழ்க்கைப்பட்டிருக்கிறார். திருமணத்தில் நகை போட்டோம், வீடு கொடுத்தோம், அதோடு கணக்குத் தீர்ந்தது என்கிறார்கள். தந்தை உயிருடன் இருக்கையில் கொடுத்தது ஹிபா. அவர் மறைவுக்குப் பின் வருவது வாரிசுப் பங்கு. ஒன்று மற்றொன்றுக்கு ஈடாகாது. முப்பது ஆண்டு கழித்துச் சகோதரியின் மக்கள் பங்கு கேட்டால், "இத்தனை காலம் எங்கள் கைவசம் அல்லவா?" என்ற பதில் வருகிறது. பெரும்பாலான வழக்குகளின் வேர் இந்தக் கேள்வியில்தான் இருக்கிறது.

இதற்கான விடையை லண்டன் பிரிவி கவுன்சில் தந்தது. கொரியா - அப்புஹாமி வழக்கு இலங்கையிலிருந்து சென்றது. கூட்டு வாரிசுகளில் ஒருவரின் அனுபோகம் அனைவரின் அனுபோகமே. மனத்துக்குள் "இது எனக்கே" என்று எண்ணிக்கொள்வதால் அது மாறிவிடாது என்று தீர்ப்பாயிற்று. லட்சுமி ரெட்டி வழக்கில் நம் உச்ச நீதிமன்றமும் அதே நெறியை நிலைநாட்டியது. 1957ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுப்பில் அது உள்ளது. அது ஓர் ஹிந்துக் குடும்பத்தின் வழக்கு. விதியோ எல்லாச் சமயத்தாருக்கும் பொது. கிஸ்தி ரசீதும் பட்டாவும் மட்டும் உடன்பங்காளியின் உரிமையை அழித்துவிடுவதில்லை.

ஆனால் இதற்கு மறுபக்கம் உண்டு. அதை நம் சகோதரிகள் அறிந்திருத்தல் அவசியம். "உனக்குப் பங்கே கிடையாது" என்று அவர் அறிய வெளிப்படையாக மறுத்து, அம்மறுப்போடு நிலத்தை ஒருவர் 12 ஆண்டுகள் இடைவிடாது வைத்திருந்தால், 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் உரிமையைப் பறித்துவிடும். அண்ணனோடு மனக்கசப்பு வேண்டாம் என்று மௌனமாயிருப்பது நல்ல குணமே. நீதிமன்றத்தில் அந்த மௌனம் அவருக்கு எதிராகவே எடைபோடப்படும்.

வழக்கும் எளிதில் முடிவதில்லை. முதனிலைத் தீர்ப்பு இன்னாருக்கு இத்தனை பங்கு என்று மட்டுமே சொல்லும். பின்னர் ஆணையர் வந்து, அளவையர் துணையுடன் நிலத்தை அளந்து, கிணறும் வழிநடையும் யார் பக்கம் என்று அறிக்கை தர வேண்டும். அதற்கும் ஆட்சேபணை எழும். இறுதித் தீர்ப்புக்குப் பின்னும் நிலத்தைக் கையில் பெறத் தனியே நிறைவேற்று மனு வேண்டும். இதற்குள் வழக்குத் தொடுத்தவர் மறைந்து, அவர் வாரிசுகள் கட்சிக்காரர்களாகச் சேர்க்கப்படுவதைக் காண்கிறோம்.

வாய்மொழியாகப் பிரித்து, அவரவர் வரப்பில் உழுதுவரும் குடும்பங்களும் தப்புவதில்லை. சர்வே எண் உட்பிரிவு செய்யப்படாதிருக்கும். ஒருவர் தம் பாகத்தை வெளியாருக்கு விற்றதும் எல்லைத் தகராறு எழும். ஜமாஅத்தில் பேசி எழுதும் காகிதமும் கவனத்துக்குரியது. முன்பே நடந்து முடிந்த பாகப்பிரிவினையை நினைவுக்குக் குறித்துவைக்கும் எழுத்துக்குப் பதிவு கட்டாயமில்லை. அக்காகிதத்தின் மூலமே நிலம் பிரிகிறதென்றால் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்தாக வேண்டும். பதியாதது பாகப்பிரிவினைக்குச் சான்றாக ஏற்கப்படாது.

சாட்சியில்லாத பழைய வாரிசுச் சொத்து ஒன்றுக்காக இருவர் நபிகளார் (ஸல்) முன் வந்த செய்தியை உம்மு ஸலமா (ரலி) அவர்கள் அறிவித்துள்ளார்கள். வாதத்திறமையால் பிறர் உரிமையைப் பெறுவோர் பெறுவது நெருப்பையே என்ற எச்சரிக்கையைக் கேட்டு இருவரும் அழுதனர். என் பங்கு உமக்கே என்று ஒருவருக்கொருவர் விட்டுக்கொடுத்தனர். அப்போதும் நபிகளார் அவர்களை அப்படியே அனுப்பிவிடவில்லை. நியாயமாகப் பிரித்து, சீட்டுக் குலுக்கி எடுத்துக்கொண்டு, அதன் பின் ஒருவரையொருவர் பொறுத்துக்கொள்ளுமாறு பணித்தார்கள்.