ஒரு லத்தீன் முகப்புக்குப் பாயிர உரை

தரங்கம்பாடியில் வாழ்ந்த லுத்தரன் அருட்பணியாளர் பார்த்தலோமேயு சீகன்பால்கு எழுதி, 1716-ல் ஜெர்மனியின் ஹாலே நகரில் அச்சான 'கிராமாட்டிகா டமுலிகா' 128 பக்கமுள்ள சிறு நூல். லத்தீன் பள்ளியில் படித்து வந்தவருக்கு லத்தீன் வழியாகவே தமிழ் சொல்லித்தரும் இலக்கணம். அதன் முகப்புப் பக்கம் மட்டுமே ஒரு தனி உரைக்குத் தகுதியானது. அக்கால ஐரோப்பிய வழக்கப்படி பெயரோடு அது நின்றுவிடவில்லை. நூல் எதைப் பற்றியது, எந்த முறையில் செய்தது, யாருக்காக, எங்கே இருந்து எழுதியது, யார் செலவில் அச்சேறியது என்று எல்லாவற்றையும் ஒரே நீண்ட வாக்கியத்தில் சொல்லி முடிக்கிறது.

இப்படி ஒரு முகப்பு நமக்குப் பழக்கமானதுதான். நாம் அதைச் சிறப்புப் பாயிரம் என்போம். ஆக்கியோன் பெயர், வழி, எல்லை, நூற்பெயர், யாப்பு, நுதலிய பொருள், கேட்போர், பயன் என்ற எட்டையும் பாயிரம் சொல்ல வேண்டும் என்கிறது நன்னூல். காலம், களம், காரணம் என்ற மூன்றையும் கூட்டிப் பதினொன்று என்பாரும் உண்டு என்று அதுவே சேர்க்கிறது. நன்னூல் செய்த பவணந்தி ஒரு சமண முனிவர். நான் களம்பூர்க்காரன்; எங்கள் ஊருக்குப் பக்கத்துத் திருமலையும், குந்தவை ஜினாலயமும் நேமிநாதர் திருவுருவமும் கொண்ட சமணக் குன்று. அந்த மரபு வகுத்த அளவையால் இந்த லத்தீன் பக்கத்தை அளந்து பார்க்கிறேன். முகப்பு சொல்லும் வரிசையிலேயே போகிறேன்.

நூற்பெயர்: இலக்கணம் என்ற பொதுச்சொல்லும் தமிழ் என்ற மொழிப்பெயரும் சேர்ந்ததே பெயர். ஆசிரியரால் பெறும் பெயர், அளவால் பெறும் பெயர் என்று நன்னூல் வகைப்படுத்துவதில் இது நுதலிய பொருளால் பெற்ற பெயர். நுதலிய பொருளும் இதிலேயே அடங்கிவிடுகிறது. இங்கே நிற்க வேண்டியதில்லை.

யாப்பு: தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்ப்பு என்று ஒரு நூல் யாக்கப்படும் முறை நான்கு. முகப்பு தன் முறையாக மூன்றைச் சொல்கிறது: பலவகை வாய்பாடுகள், விதிகள், தேவையான சொற்களின் தொகுதி. இதில் முதலில் நிற்கும் வாய்பாடுதான் முழு நூலின் உயிர். இந்த இடத்தை விரிவாகப் பார்க்க வேண்டும்.

வாய்பாடு என்றால் ஒரு பெயரை எடுத்து எல்லா வேற்றுமையிலும், ஒரு வினையை எடுத்து எல்லா இடத்திலும் காலத்திலும் வரிசையாக அடுக்கிக் காட்டுவது. ஐரோப்பியப் பிள்ளைகள் ஆயிரம் ஆண்டுக்கு மேலாக இப்படித்தான் லத்தீன் படித்தார்கள். அதற்கு மூலம் 4-ஆம் நூற்றாண்டில் ரோமில் பாடம் சொன்ன தோனாத்துஸ் எழுதிய சிற்றிலக்கணம். கேள்வியும் பதிலுமாக நடக்கும் நூல் அது. சொல்லின் வகை எட்டு என்று தொடங்கி, ஆசிரியன் என்று பொருள்படும் சொல்லையும் கலைத்தேவி என்று பொருள்படும் சொல்லையும் பெயருக்கு எடுத்துக்காட்டாக வைத்து, படித்தல் என்ற வினையை முழுதாகப் புரட்டிக் காட்டும். 15-ஆம் நூற்றாண்டின் நடுவில் குட்டன்பர்க் அச்சு கண்டபோது விவிலியத்தோடு இந்தப் பாடநூலும் அவர் எழுத்துகளில் அச்சாயிற்று. பிள்ளைகள் கையில் கிழிந்து, பிறகு வேறு நூல்களின் அட்டைக்குள் ஒட்டுத்தோலாகப் போய், இன்று பெரும்பாலும் துண்டுகளாகவே மிஞ்சியிருக்கிறது. விவிலியம் பீடத்தில் பத்திரமாக இருந்தது. இலக்கணம் உழைத்துத் தேய்ந்தது. 1572-ல் லிஸ்பனில் மனுவேல் ஆல்வரெஸ் வெளியிட்ட லத்தீன் இலக்கணம் சேசு சபைக் கல்லூரிகளின் பாடநூலாகி, 1594-ல் ஜப்பானின் அமக்குசாவில் ஜப்பானியப் பொருளோடு அச்சேறும் அளவுக்கு உலகம் சுற்றியது.

சீகன்பால்கு தமிழுக்குக் கொண்டுவந்த சட்டம் இதுதான். எங்கள் ஊர்த் தறியில் வைத்துச் சொன்னால், பாவு லத்தீன், ஊடை தமிழ். பாவு முன்பே நீட்டிக் கட்டியிருக்கிறது. ஊடை அதற்குள்தான் ஓடியாக வேண்டும்.

ஓடியதா என்றால், பெரும்பகுதி நன்றாகவே ஓடியது. லத்தீனில் அமோ, அமாஸ், அமாட் என்று வினையின் ஈறே ஆளைக் காட்டிவிடும். தமிழிலும் வந்தேன், வந்தாய், வந்தான் என்று ஈறே இடம் காட்டும். பெயரும் இரண்டிலும் உருபேற்றுத் திரியும். ஆங்கிலத்துக்கு லத்தீன் சட்டம் பொருந்துவதைவிடத் தமிழுக்கு அது நெருங்கிப் பொருந்தியது. இலக்கணப் பாதிரிமார் லத்தீன் அச்சில் தமிழைத் திணித்துக் கெடுத்துவிட்டார்கள் என்று பொதுவாகச் சொல்லிவிடும் பழக்கம் நம்மிடம் உண்டு. அதை நான் ஏற்பதில்லை. எங்கே பொருந்தியது, எங்கே பிதுங்கியது என்று இடம் இடமாகப் பார்த்தால்தான் நியாயம் கிடைக்கும்.

பிதுங்கும் இடங்கள் சில. லத்தீனின் அமாட் ஒன்றே அவன், அவள், அது என்ற மூன்றுக்கும் போதும். தமிழில் வந்தான், வந்தாள், வந்தார், வந்தது என்று கட்டங்களைப் பெருக்க வேண்டும். லத்தீனில் மேசை பெண்பால், புத்தகம் ஆண்பால்; பால் என்பது சொல்லுக்கு ஒட்டிய குணம். தமிழில் முதல் வெட்டு திணையில் விழுகிறது, பால் அதற்குள் அடங்குகிறது. லத்தீனுக்கு 'நாங்கள்' ஒன்றுதான். கேட்பவரையும் சேர்க்கும் 'நாம்' இல்லை. வேற்றுமையில், பள்ளிக்கூட லத்தீன் ஆறு சொல்லும், தமிழ் விளியோடு எட்டு சொல்லும். தறியை, தறியால், தறிக்கு, தறியின், தறியது, தறிக்கண் என்று நாம் அடுக்கினால், இவற்றில் ஆல், இன், கண் மூன்றும் லத்தீனின் ஒரே நீக்கல் வேற்றுமைக்குள் நெருக்கி உட்கார வேண்டிவரும்.

இவற்றைவிட ஆழமான இடம் எதிர்மறையும் பெயரெச்சமும். செய்யேன், செய்யாய், செய்யான் என்று இல்லை என்பதை வினைக்குள்ளேயே வைத்துத் திரிப்பது தமிழின் வலிமை. லத்தீன் மறுப்பை வெளியே ஒரு தனிச்சொல்லாக வைக்கும். அந்த வாய்பாட்டில் எதிர்மறை வினைக்குக் கட்டமே கிடையாது. நேற்று நெய்த தறி என்று நாம் மூன்று சொல்லில் முடிப்பதை, எதில் நேற்று நெய்தார்களோ அந்தத் தறி என்று இணைப்புச் சொல் போட்டுத்தான் லத்தீன் சொல்லும். தமிழ் படிக்க வந்த லத்தீன் மாணவர் திணறியிருக்கக்கூடிய இடம் இதுவே. நம் வாக்கியம் பின்னிருந்து முன்னுக்குக் கட்டப்படுவதை வாய்பாட்டால் காட்ட முடியாது. வாக்கியங்களைக் கேட்டுப் பழகித்தான் ஆக வேண்டும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். நன்னூல் தமிழ் தெரிந்தவருக்குத் தமிழின் அமைதியைச் சொல்லும் நூல். அதை வைத்து, தமிழே தெரியாத ஒருவர் சந்தையில் பேசக் கற்க முடியாது. அது அந்நூலின் நோக்கமும் அல்ல. ஒரு சொல்கூடத் தெரியாதவரை எதிரே உட்காரவைத்து, பேச்சுக்குத் தேவையான வினைகளை முழுமையாக அடுக்கிக் காட்டுவது நம் இலக்கண மரபு செய்யாத வேலை. அதை லத்தீன் பள்ளிப்பாட முறை செய்தது. இதை ஒப்புக்கொள்வதால் நம் மரபு குறைந்துவிடாது.

மிகக் குறுகிய வழி என்று அடுத்து முகப்பு தன் நூலைப் புகழ்கிறது. தன் நூலைத் தானே புகழ்வது நம் மரபில் குற்றம். அதனால்தான் சிறப்புப் பாயிரத்தை நூல் செய்தவரின் ஆசிரியரோ உடன் கற்றவரோ மாணவரோ உரைகாரரோ செய்ய விட்டார்கள். ஆனால் தன் ஆற்றலை அறியாதவர் நடுவே புலவன் தன்னைப் புகழலாம் என்று நன்னூலே விலக்கும் தருகிறது. தமிழ் என்ற பெயரே கேளாத வாசகர் முன் நின்றவருக்கு அந்த விலக்கு பொருந்தும்.

எல்லை: வேங்கடம் முதல் குமரி வரை என்று நாம் சொல்லும் எல்லையை முகப்பு கிழக்கிந்தியரிடையே வழங்குவது என்று முடித்துக்கொள்கிறது. தமிழ் என்ற பெயரோடு மலபார் மொழி என்ற பெயரையும் தருகிறது. போர்ச்சுகீசியர் மேற்குக் கரையில் இறங்கியதிலிருந்து தமிழுக்கும் அந்தப் பெயரே ஐரோப்பாவில் ஒட்டிக்கொண்டது. அந்தப் பெயரில் தேடியவருக்கும் நூல் கிடைக்க வேண்டுமே.

இதுவரை ஐரோப்பாவில் அறியப்படாத மொழி என்ற கூற்றை அப்படியே ஏற்க முடியாது. ஹென்ரீக் ஹென்ரீக்கஸ் முத்துக்குளித்துறையில் இருந்து 1549-ஐ ஒட்டிப் போர்ச்சுகீசு மொழியில் தமிழுக்கு இலக்கணம் எழுதிவிட்டார். அது கையெழுத்துப் படியாக லிஸ்பனில் கிடந்து 1982-ல்தான் பதிப்பானது. அதனால் சீகன்பால்குவுக்கு அது தெரியாமல் இருந்திருக்கலாம். ஆனால் டச்சுப் பாதிரியார் பால்டேயுஸ் 1672-ல் ஆம்ஸ்டர்டாமில் வெளியிட்ட பெருநூலில் தமிழ் எழுத்தும் சிறு இலக்கண அறிமுகமும் அச்சாகியிருந்தன, பிழைகள் மலிந்து. எனவே அறியப்படாதது என்பதை, முறையாகக் கற்கும்படி அச்சில் வராதது என்று கொள்வதே பொருத்தம். அந்த அளவில் கூற்று நிற்கும்.

கேட்போரும் பயனும் காரணமும் முகப்பில் ஒன்றாகவே வருகின்றன. இந்த மக்களை உருவ வழிபாட்டிலிருந்து விலக்கி, கிறிஸ்துவின் நற்செய்தியால் நிலையான மீட்புக்குக் கொண்டுவர விரும்புவோருக்காக இந்நூல் என்கிறது. அறம் பொருள் இன்பம் வீடு என்று நாம் பயன் சொல்லும் இடத்தில் இது நிற்கிறது. நம் முன்னோரின் வழிபாட்டைத் தாழ்த்தும் அந்தச் சொல் இன்று படித்தாலும் தைக்கிறது. உரைகாரன் அதை மறைக்கக் கூடாது. அதே வேளை, எழுதியவர் 1708-லேயே நூற்றுக்கு மேற்பட்ட தமிழ் ஏடுகளைத் தேடிப் பட்டியலிட்டவர். கொன்றை வேந்தனையும் உலக நீதியையும் நீதி வெண்பாவையும் ஜெர்மன் மொழியில் பெயர்த்தவர். தென்னிந்தியத் தெய்வங்களைப் பற்றி 1713-ல் அவர் எழுதிய விரிவான நூலை ஹாலே அச்சிடாமல் வைத்துவிட்டது. அது அச்சேற 1867 வரை ஆயிற்று. இலக்கணம் உடனே அச்சானது, தெய்வங்களைப் பற்றிய நூல் கிடந்தது. எந்த அறிவு வேண்டும், எது வேண்டாம் என்று செலவு செய்தவர்கள் முடிவு செய்தார்கள் என்பது இதிலிருந்தே விளங்கும்.

களம்: நூல் அரங்கேறிய அவையே களம். இந்த நூலுக்கு அவை இல்லை. ஐரோப்பியப் பயணத்தில், டேனிஷ் கப்பலில் இருந்தபடி செய்தது என்கிறது முகப்பு. 1714-ன் இறுதியில் தரங்கம்பாடியிலிருந்து கிளம்பிய அந்தக் கப்பலில் சீகன்பால்கு தனியாக இல்லை. மலையப்பன் என்ற தமிழ் இளைஞர் உடன் இருந்தார். மாதக்கணக்கான கடல் பயணத்தில் தமிழ் வேலைக்குத் துணையாகக் கூட்டிச் செல்லப்பட்டவர் அவர். எழுதியவருக்கு ஐயம் வந்தால் கேட்பதற்கு அந்தக் கடலில் வேறு தமிழ் வாய் எது? முகப்பில் அவர் பெயர் இல்லை.

வழி: இலக்கண நூலுக்கு முதல் நூல் எது என்று கேட்பது வழி. முகப்பு இதைச் சொல்லவே இல்லை. லத்தீன் பள்ளிநூல்தான் வழி என்று மேலே கண்டோம். ஆனால் அது பாதிதான். 1706 ஜூலையில் வந்து இறங்கிய சீகன்பால்கு தமிழ் கற்றது ஒரு முதிய திண்ணைப்பள்ளி ஆசிரியரிடம். அந்தப் பள்ளியையே தம் வீட்டுக்கு வரவழைத்து, பிள்ளைகளோடு தரையில் உட்கார்ந்து, விரலால் மணலில் எழுத்து பழகினார். போர்ச்சுகீசும் தமிழும் தெரிந்த அழகப்பன் மொழிபெயர்ப்பாளராக இருந்து பேச்சுத் தமிழைப் பழக்கினார். வாய்பாட்டின் கட்டம் தோனாத்துஸ் வழி வந்தது; கட்டத்துக்குள் இருக்கும் ஒவ்வொரு சொல்லும் இவர்கள் வழி வந்தது. பாயிரம் வழியைச் சொல்லியே ஆக வேண்டும் என்று பவணந்தி விதித்ததன் அருமை எனக்கு இந்தப் பக்கத்தைப் படிக்கும்போதுதான் முழுதாக விளங்குகிறது. கொடுத்தவர் பெயரைக் கேட்கும் விதி அது.

ஆக்கியோன் பெயர் விரிவாகவே வருகிறது: டென்மார்க் அரசரின் அருட்பணியாளர், புதிதாகச் சேர்ந்த இந்தியரின் திருச்சபைக்குத் தலைவர். அப்போது அவர் முப்பதுகளில் இருந்தார். 1719-ல் தரங்கம்பாடியிலேயே இறந்தார்.

இறுதியில் இடமும் அச்சகமும் ஆண்டும். ஹாலேயின் அநாதை இல்லத்தின் எழுத்தாலும் செலவாலும் என்று இருக்கிறது. தமிழ் அறியாத கைகள் செதுக்கிய எழுத்து அது. அக்கால ஓலை வழக்கைப் போலவே புள்ளி இல்லை. எகர ஏகாரமும் ஒகர ஓகாரமும் பிரியவில்லை. படிப்பவர் இடம் பார்த்துத்தான் ஒலிக்க வேண்டும். இந்தப் பிரிவினைக்கு வடிவம் தந்தவர் என்று நாம் நினைவுகொள்ளும் வீரமாமுனிவர் கொடுந்தமிழுக்கு லத்தீனில் எழுதிய இலக்கணம் 1738-ல் அச்சானது. கத்தோலிக்கரான அவர் நூலை அச்சிட்டது அவரோடு ஓயாமல் வாதிட்ட தரங்கம்பாடி லுத்தரன் அச்சகம். தங்கள் சபை முன்னோடியின் இலக்கணம் இருந்தும் எதிரணியாளரின் நூலைத் தேர்ந்தார்கள். அது அத்தனை நன்றாக இருந்தது. அடுத்த ஆண்டே அவர்களில் ஒருவரான வால்தர் அதற்குத் துணையாக இலக்கணக் குறிப்புகளும் வெளியிட்டார்.

சீகன்பால்குவின் நூலை டேனியல் ஜெயராஜ் 2010-ல் ஆங்கிலத்தில் தந்திருக்கிறார். முந்நூறு ஆண்டுக்கு முன் தரங்கம்பாடிக் கரையில் மக்கள் வினைகளை எப்படித் திரித்துப் பேசினார்கள் என்பதற்கு அந்த வாய்பாடுகள் சாட்சி. அவற்றை மட்டுமாவது தனியே எடுத்து, நன்னூல் விதியும் இன்றைய வட்டார வழக்கும் பக்கத்தில் வைத்து, தமிழில் பதிப்பிக்க வேண்டும். முகப்பில் வழி என்ற தலைப்பிட்டு திண்ணைப்பள்ளி ஆசிரியரையும் அழகப்பனையும் மலையப்பனையும் அதில் குறிப்பிட வேண்டும்.