பாளையங்கோட்டை டாக்டரும் ஊட்டி விண்டர்கிரீன் தைலமும்

1/ கனடாவுல இருக்குற நம்ம பாளையங்கோட்டை அக்கா ஒருத்தங்க இன்பாக்ஸ்ல கேட்டாங்க: "டாக்டர் தம்பி, கிறிஸ்துமஸுக்கு சிவப்புப் பழத்தோட விண்டர்கிரீன் தொட்டி ஒண்ணு வாங்குனேன். வெளிய பனியா இருக்கேன்னு ஹீட்டர் பக்கத்துல வச்சேன், இலை கருகுது. செடி பிழைச்சா மூட்டுவலிக்கு தைலம் எடுக்கலாமா?"

செடிக்கு பதில் சின்னது. தைலத்துக்கு ஒரு பெரிய கதை சொல்லணும். உங்க வீட்டு அலமாரியில ஊட்டி தைலம் இருந்தா நீங்களும் கடைசி வரை படிங்க.

2/ முதல்ல செடி. வட அமெரிக்காவின் கிழக்குப் பக்கக் காடுதான் இதுக்குச் சொந்த ஊர். பனிக்கு அடியிலயும் இலை பச்சையா இருக்கும், பேரே அதனாலதான். குளிர் இதைக் கொல்லாது, ஹீட்டரோட வறண்ட சூடுதான் கொல்லும். வீட்டுலயே குளிர்ச்சியான, வெளிச்சம் உள்ள இடத்துல வைங்க. அமிலத்தன்மை உள்ள மண், காயாத ஈரம், முடிஞ்சா மழைத்தண்ணி. நம்ம திருநெல்வேலி வெயில்ல இது தாங்காது.

3/ அந்த ஊர் பூர்வகுடி மக்கள் உடம்புவலிக்கு இந்த இலையை வெந்நீர்ல போட்டுக் குடிச்சாங்க. இலையை சும்மா மோந்தா வாசம் வராது. கசக்குனாதான் வரும். வாசம் தர்ற பொருள் சர்க்கரையோட ஒட்டி இருக்கு, இலை நசுங்கும்போதுதான் பிரியும். 1843 வாக்குல அது என்னன்னு வேதியியல்காரங்க கண்டுபிடிச்சாங்க: மெத்தில் சாலிசிலேட். பின்னாடி வந்த ஆஸ்பிரினுக்கு நெருங்கின சொந்தம்.

4/ இப்போ நம்ம ஊர். 1830களின் நடுவுல பாளையங்கோட்டை ராணுவத்துல ஒரு டாக்டர் இருந்தார், ராபர்ட் வைட். எடின்பரோவுல மருத்துவம் படிச்சவர், மனசு பூரா செடிகொடி மேல. இங்கிருந்து குற்றாலம், பழனி மலைன்னு ஏறி செடி சேகரிச்சார். நம்ம நாட்டு ஓவியர்களை வச்சு தென்னிந்தியத் தாவரங்களைப் படமா வரைஞ்சு வெளியிட்டார். அதுல நீலகிரி விண்டர்கிரீனும் உண்டு. அமெரிக்கச் செடிக்குத் தங்கச்சி மாதிரி, ஆனா புதரா வளரும். லெஷெனோங்கிற பிரெஞ்சுக்காரர் பேரை அதுக்கு வச்சிருந்தாங்க.

5/ அடுத்து ஊட்டி. மலேரியாவுக்காக சின்கோனா வளர்த்த காலம். பட்டையைச் சோதிக்க மெட்ராஸ் அரசு நியமிச்ச வேதியியலாளர் ஜான் பிராட்டன். அவர் இந்தப் புதரோட எண்ணெயைச் சோதிச்சுப் பார்த்தா, அமெரிக்க எண்ணெயில இருக்குற அதே பொருள்! அப்போதான் லிஸ்டர் கார்பாலிக் அமிலத்தை வச்சு அறுவை சிகிச்சைப் புண் சீழ் பிடிக்காம தடுக்கலாம்னு காட்டியிருந்தார் (1867). பிராட்டன் இந்த எண்ணெயிலிருந்தே அந்த அமிலத்தைத் தயாரிச்சு, 1871ல் எழுதியும் வெளியிட்டார். ஆனா நிலக்கரித் தார்ல இருந்து அது மலிவா கிடைச்சது. திட்டம் நிலைக்கல.

1874ல் கோல்பே சாலிசிலிக் அமிலத்தை ஆலையில செய்ய வழி காட்டினார். இன்னைக்கு வலி பாம்கள்ல இருக்குற மெத்தில் சாலிசிலேட் பெரும்பாலும் ஆலைச் சரக்குதான். ஊட்டிக் கடைகள்ல செடித் தைலம் இன்னும் விக்குது.

6/ அக்கா, இதுக்குத்தான் இவ்வளவு கதையும். சுத்தமான விண்டர்கிரீன் தைலத்துல 95 சதவீதத்துக்கு மேல மெத்தில் சாலிசிலேட். ஒரு டீஸ்பூன், அதாவது 5 மில்லி, உள்ளே போனா சுமார் 20 ஆஸ்பிரின் மாத்திரை முழுங்குன கணக்கு. அந்த ஒரு டீஸ்பூன்ல சின்னப் பிள்ளைகள் இறந்திருக்காங்க. மிட்டாய் மாதிரி மணக்கும், பிள்ளை வாயில வைக்கத்தான் செய்யும். "இயற்கைதானே"ன்னு அசால்ட்டா இருக்காதீங்க.

7/ அதனால:
• வீட்டுல காய்ச்சி எடுக்க வேண்டாம். எவ்வளவு வீரியம்னு உங்களுக்குத் தெரியாது.
• பாட்டிலைப் பூட்டி வைங்க. சுத்தத் தைலத்தை அப்படியே தேய்க்காதீங்க. புண்ணுல போடாதீங்க, தேய்ச்சிட்டு ஒத்தடமோ இறுக்கக் கட்டோ வேண்டாம்.
• வார்ஃபரின் சாப்பிடுறவங்க தொடவே வேண்டாம், ரத்தப்போக்கு வரலாம். ஆஸ்பிரின் ஒத்துக்காதவங்களும் அப்படியே. குழந்தைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் வேண்டாம்.
• பிள்ளை குடிச்சிருச்சுன்னு சந்தேகம் வந்தாலே போதும், வாந்தி எடுக்க வைக்காதீங்க. வேகமா மூச்சு வாங்கட்டும், காது இரையட்டும்னு காத்திருக்காதீங்க. பாட்டிலையும் கையில எடுத்துக்கிட்டு உடனே ஆஸ்பத்திரிக்கு ஓடுங்க.

8/ செடியை வளர்க்கலாம் அக்கா, பார்க்க அழகு. ஹீட்டர்கிட்ட இருந்து மட்டும் தள்ளி வைங்க. மூட்டுவலிக்கு அங்க ஒரு டாக்டரைப் பாருங்க.

இதைப் படிச்ச மத்தவங்க இப்பவே எந்திரிச்சுப் போய் ஊட்டியில வாங்குன அந்தப் பாட்டில் எந்தத் தட்டுல இருக்குன்னு பாருங்க. பிள்ளைக்கு எட்டுதா?